‘அவள் ஒரு தொடர்கதை’: அந்த வீட்டுல நீங்க யாரு?

(எபிசோடின் தொகுக்கப்பட்ட எழுத்து வடிவம். பேச்சு நடையை முடிஞ்சவரை அப்படியே விட்டிருக்கோம்.)

காதலா, குடும்பமான்னு ஒரு கேள்வி நம்ம சினிமாவுல ஆயிரம் தடவை வந்திருக்கு. அதுல பாதிப் படத்துல அப்பா மீசையை முறுக்குவார், ஹீரோ அரிவாளைத் தூக்குவார், கடைசியில கல்யாணம் நடந்துடும். இன்னைக்கு நாம பேசப்போற படத்துல காதலை எதிர்க்க ஒரு வில்லன்கூட கிடையாது. சாதி குறுக்க வரல. அப்பா குறுக்க வரல, ஏன்னா அப்பா வீட்டுலயே இல்லை. குறுக்க வர்றது ஒண்ணே ஒண்ணுதான்: மாசம் ஒண்ணாம் தேதி சம்பளம்.

படம் ‘அவள் ஒரு தொடர்கதை’. இயக்கம் கே.பாலசந்தர். 1974 நவம்பர் 13, தீபாவளிக்கு வந்த கறுப்பு வெள்ளைப் படம். அம்பது வருஷம் தாண்டியாச்சு, அதனால ஸ்பாய்லர் அலர்ட் கேட்டு யாரும் சண்டைக்கு வராதீங்க. கடைசி சீன் வரைக்கும் சொல்லப் போறேன்.

கதை சுருக்கமா

கவிதான்னு ஒரு பொண்ணு. ஆபீஸ் வேலை. வீட்டுல சம்பாதிக்கிற ஒரே ஆள் அவதான். அம்மா இருக்காங்க. மூர்த்தின்னு ஒரு அண்ணன், குடிகாரன், வேலைக்குப் போறதில்லை. அவனுக்குப் பொண்டாட்டி, பிள்ளைங்க. கணவனை இழந்து வீட்டுக்குத் திரும்பி வந்த தங்கச்சி பாரதி. கல்யாணம் ஆகாத இன்னொரு தங்கச்சி கலா. கண் தெரியாத ஒரு தம்பி. அப்பா குடும்பத்தை விட்டுட்டு ஆன்மிகம்னு கிளம்பிப் போயிட்டார். இத்தனை பேருக்கும் ஒரே சம்பளம்.

கவிதாவுக்கு ஒரு காதல் உண்டு. திலக்னு பேரு. கல்யாணம் பண்ணிக்கலாம்னு கேட்டுக்கிட்டே இருக்கான். குடும்பம் ஒரு நிலைக்கு வரட்டும்னு அவ தள்ளிப் போட்டுக்கிட்டே இருக்கா. இடையில திலக்கோட மனசு பாரதி பக்கம் திரும்புது, அவளுக்கும் இவனைப் பிடிச்சுப் போகுது. கவிதாவுக்கு விஷயம் தெரிய வந்ததும், அவளே முன்ன நின்னு அவங்க ரெண்டு பேருக்கும் கல்யாணம் பண்ணி வைக்கிறா.

அப்புறம் ரெண்டாவது வாய்ப்பு. ஆபீஸ்ல மேலதிகாரியா இருக்கிற அருண் அவளைக் கல்யாணம் பண்ணிக்கக் கேட்கிறான். இந்த நேரத்துல மூர்த்தியும் திருந்தி, குடும்பத்தை நான் பார்த்துக்கிறேன்னு வந்து நிக்கிறான். கவிதா வேலையை விடத் தயாராகுறா. கல்யாண நாளும் வருது. அன்னைக்குத்தான் மூர்த்தி கொலையாகிறான். கவிதா தன் இடத்துல தங்கச்சி கலாவை உட்கார வெச்சுட்டு, பழையபடி கைப்பையை மாட்டிக்கிட்டு பஸ் ஏறிடுறா. படம் ஆரம்பிச்ச இடத்துலயே முடியுது. தலைப்புல ‘தொடர்கதை’ன்னு இருக்கிறதுக்கு அர்த்தம் அப்பதான் உறைக்குது.

கவிதாவா நடிச்சவங்க சுஜாதா. இலங்கையில பிறந்த மலையாளி, தமிழ்ல இதுதான் முதல் படம். படம் வந்தப்ப அவங்களுக்கு 22 வயசுகூட ஆகல. மூர்த்தியா ஜெய்கணேஷ், திலக்கா விஜயகுமார், பாரதியா ஸ்ரீப்ரியா. பக்கத்துல குடியிருக்கிற மிமிக்ரி கலைஞனா கமல்ஹாசன். தோழி சந்திராவா நடிச்ச ஜெயலட்சுமிக்கு ‘படாபட்’ங்கிற அடைமொழி ஒட்டிக்கிட்டதும் இந்தப் படத்துலதான்.

பாலசந்தர் சினிமாவுக்கு முழுசா வர்றதுக்கு முன்னாடி சென்னையில அக்கவுண்டன்ட் ஜெனரல் ஆபீஸ்ல வேலை பார்த்தவர். சம்பளத்தை நம்பி நிக்கிற வீடு எப்படி இருக்கும்னு கதை எழுத உட்கார்ந்துதான் கத்துக்கணும்ங்கிற அவசியம் அவருக்கு இருந்திருக்காது.

இது எங்கேர்ந்து வந்துச்சு, எங்க போச்சு

இந்தக் கதைக்கு ஒரு வங்காள அக்கா உண்டு. 1960ல ரித்விக் கட்டக் எடுத்த ‘மேகே டாக்கா தாரா’. நாட்டுப் பிரிவினையில கிழக்கு வங்காளத்திலேர்ந்து கல்கத்தா வந்து அகதியான குடும்பம். மூத்த பொண்ணு நீதா டியூஷன் எடுத்து, அப்புறம் வேலைக்குப் போய் எல்லாரையும் காப்பாத்துறா. அவ காதலிக்கிற சனத், கடைசியில அவ தங்கச்சி கீதாவைக் கட்டிக்கிறான். கவிதா, பாரதி, திலக் முக்கோணம் அப்படியே தெரியுதா? நீதாவுக்குக் காசநோய் வந்துடுது. அந்தப் படம் அவளை பஸ் ஏத்தி அனுப்பல, மலைமேல இருக்கிற ஒரு சானடோரியத்துல கொண்டுபோய் விட்டுடுது.

நம்ம படமும் நிறைய ஊர் சுத்துச்சு. 1976ல தெலுங்குல ‘அந்துலேனி கத’. ஜெயப்ரதா கதாநாயகி, குடிகார அண்ணனா ரஜினிகாந்த். ஆமா, மூர்த்தி வேஷத்துல ரஜினி. 1977ல வங்காளத்துல ‘கபிதா’, 1982ல ஹிந்தியில ரேகா நடிச்ச ‘ஜீவன் தாரா’, 1983ல கன்னடத்துல சுஹாசினி நடிச்ச ‘பெங்கியல்லி அரளித ஹூவு’. ஒரு கதை இத்தனை மொழியில ஓடுதுன்னா, அந்த மொழி பேசுற ஊருங்கள்ல எல்லாம் அந்தப் பொண்ணு காலையில பஸ் ஏறிக்கிட்டு இருந்தான்னு அர்த்தம்.

இந்தியாவுக்கு வெளியிலயும் ஏறுறா. பிலிப்பைன்ஸ் மக்கள்கிட்ட ‘உத்தாங் நா லோஓப்’னு ஒரு சொல் உண்டு. ‘உள்ளத்தின் கடன்’னு சொல்லலாம். பெத்தவங்களுக்கு, வளர்த்தவங்களுக்கு மனசால பட்ட கடன். பேங்க் கடன்ல அசல் எவ்வளவு, இ.எம்.ஐ. எத்தனைன்னு எழுதியிருக்கும். இந்தக் கடனுக்குத் தொகை எழுதல, அதனால அடைச்சு முடிக்கவே முடியாது. வெளிநாட்டுல வேலை பார்த்து வீட்டுக்குப் பணம் அனுப்புற பிலிப்பினோ பெண்களைப் பத்தி அங்க நிறைய குடும்பப் படங்கள் வந்திருக்கு. 2000ல வந்த ‘அனக்’ அதுல ரொம்பப் பேசப்பட்டது. ஹாங்காங்ல வீட்டு வேலை பார்த்துட்டு ஊர் திரும்பின ஒரு அம்மா, அவங்க காசுல வளர்ந்த பிள்ளைங்க கண்ணுக்கே அந்நியமா நிக்கிற கதை.

இது தியாகக் கதைதானா?

எங்க அம்மா தலைமுறைகிட்ட கேட்டா, ‘அவ எவ்வளவு தியாகம் பண்ணினா’ன்னு சொல்லுவாங்க. விமர்சனங்கள்லயும் ‘மெழுகுவர்த்தி’ கட்டாயம் வந்துடும். எனக்கு அந்த மெழுகுவர்த்தி மேல கொஞ்சம் சந்தேகம்.

நான் சாஃப்ட்வேர் ஆளு. எங்க வேலையில ‘சிங்கிள் பாயிண்ட் ஆஃப் ஃபெயிலியர்’னு ஒண்ணு சொல்லுவோம். பெரிய விஷயம் இல்லை. மொத்த ஊருக்கும் ஒரே ஒரு தண்ணி மோட்டார், அது காயில் எரிஞ்சா ஊரே காலிக் குடத்தோட நிக்கணும், அவ்வளவுதான். ஆபீஸ்ல அப்படி ஒரு சர்வர் இருந்தா, டிசைன் ரிவ்யூல முதல் கேள்வியே ‘இது விழுந்தா என்ன பண்ணுவ?’ங்கிறதுதான். ராப்பகலா தனியா ஓடுதேன்னு அந்த சர்வருக்கு யாரும் மாலை போட மாட்டாங்க. டிசைன் பண்ணினவனைத்தான் கேள்வி கேப்பாங்க.

வீட்டுல நடக்கிறது நேர் எதிர். தனியா ஓடுறவளுக்கு மாலை போடுவோம். டிசைனைப் பத்தி யாரும் பேச மாட்டோம்.

அந்தக் கண்ணோட படத்தைத் திரும்பப் பார்த்தா மூணு விஷயம் தெரியுது.

முதல் விஷயம், கவிதா அமைதியா எரியுற மெழுகுவர்த்தி கிடையாது. அவளுக்கு வாய் ஜாஸ்தி. குத்திக் காட்டுவா, சொல்லிக் காட்டுவா. வீட்டுல பாதிப் பேருக்கு அவளைக் கண்டாலே பயம். வேலைக்குப் போற பொண்ணைக் கோபக்காரியாவும் காட்டி, அதுக்குப் பின்னாடி நியாயம் இருக்குன்னும் காட்டினது அந்தக் காலத்துக்குப் பெரிய விஷயம். இதுல ஒரு கூத்து பாருங்க. எம்.எஸ்.விஸ்வநாதன் இசையில ஜேசுதாஸ் பாடின ஒரு தத்துவப் பாட்டு இந்தப் படத்துல இருக்கு. படம் பார்க்காதவங்களுக்குக்கூட அந்தப் பாட்டு தெரியும். அதைத் திரையில பாடுறது யாரு? மூர்த்தி. வேலைக்குப் போறவளுக்கு வாழ்க்கைத் தத்துவம் சொல்றது வேலைக்குப் போகாதவன். எல்லா வீட்டுலயும் அந்த டிபார்ட்மென்ட் அவங்ககிட்டதானே இருக்கு?

ரெண்டாவது விஷயம், கவிதா கிட்டேயிருந்து போறது சம்பளம் மட்டும் இல்லை. திலக் அவளுக்குன்னு வந்தவன், பாரதிக்குப் போறான். அருண் அவளுக்குன்னு வந்தவன், கலாவுக்குப் போறான். அவகிட்ட எந்த நல்லது வந்து சேர்ந்தாலும் அது வீட்டுப் பொதுச்சொத்தா மாறிடுது. சம்பளம் பொது, மாப்பிள்ளையும் பொது. பாரதியோட மறுமணம் 1974ல துணிச்சலான விஷயம், அதை நான் குறைச்சுச் சொல்லல. ஆனா அந்தச் சீர்திருத்தத்துக்கான பில்லையும் கவிதாதான் கட்டுறா.

மூணாவதுதான் முக்கியம். எல்லாரும் மூர்த்தியோட சாவைத்தான் படத்தோட சோகம்னு சொல்லுவாங்க. எனக்கு அதுக்கு முன்னாடி வர்ற சீன்கள்தான் உறுத்துது. மூர்த்தி திருந்திட்டான். அப்படின்னா அவனால முடியும். முதல் நாள்லேர்ந்தே முடிஞ்சிருக்கும். கவிதா கல்யாணம் பண்ணிட்டுப் போகப் போறாங்கிற நிலைமை வந்தப்புறம்தான் அந்தத் தோளுக்குச் சுமை தூக்கத் தெரிஞ்சுது. கவிதா தூக்குற வரைக்கும் அவன் தூக்கவேண்டிய அவசியமே வரல. கடமைன்னு நாம சொல்றதுல கொஞ்சம் இதுவும் இருக்கு: ஒருத்தர் நல்லாத் தாங்கிட்டா, மத்தவங்க தாங்கிப் பார்க்கிற சந்தர்ப்பமே வராம போயிடும்.

பேக்கப் கிடைச்ச அன்னைக்கே திரைக்கதை அந்த பேக்கப்பைக் கொன்னுடுது. கதைக்கு அது தேவை, இல்லைன்னா தொடர்கதை ஆகாது. நம்ம வீட்டுல அப்படி ஒரு திரைக்கதை ஆசிரியர் உட்கார்ந்திருக்கலை. அதை மறந்துடக் கூடாது.

சட்டம் என்ன சொல்லுது?

கொஞ்சம் வறண்ட ஏரியா, ஆனா உபயோகமானது. ‘குடும்பத்தைக் காப்பாத்துறது கடமை’ன்னு சொல்றோமே, அதுல சட்டப்படி கடமை எவ்வளவு?

குற்றவியல் நடைமுறைச் சட்டம் 1973, பிரிவு 125. நடைமுறைக்கு வந்தது 1974 ஏப்ரல் 1, அதாவது படம் வந்த அதே வருஷம். வசதியிருக்கிற ஒருத்தர், தங்களைக் காப்பாத்திக்க முடியாத மனைவி, பிள்ளைங்க, அப்பா அம்மா இவங்களுக்கு ஜீவனாம்சம் தரணும்னு சொல்லுது. பொண்ணுங்களும் பெத்தவங்களைக் காப்பாத்தணுமா, கல்யாணம் ஆன பொண்ணுக்கும் இது பொருந்துமான்னு ஒரு வழக்கு வந்து, 1987ல உச்ச நீதிமன்றம் ‘ஆமா, பொருந்தும்’னு தீர்ப்பு சொல்லிடுச்சு. 2024 ஜூலையிலேர்ந்து புதுச் சட்டத்துல இதே விஷயம் பிரிவு 144 ஆகியிருக்கு.

இந்தப் பட்டியல்ல யார் இல்லைன்னு கவனிங்க. வளர்ந்த அண்ணன் இல்லை. அண்ணி இல்லை. அண்ணன் பிள்ளைங்க இல்லை. தங்கச்சிங்க இல்லை. அந்த வீட்டுல சட்டப்படி கவிதா பொறுப்பேத்துக்க வேண்டிய ஒரே ஆள் அம்மாதான். மீதிப் பேரை அவ அன்பால தாங்குறா, பழக்கத்தால தாங்குறா, வேற வழி தெரியாம தாங்குறா. தப்புன்னு சொல்லல. அது கடமை இல்லை, கொடைன்னு சொல்றேன். கடமைன்னா யாரும் நன்றி சொல்ல வேண்டாம், கொடைன்னா சொல்லியாகணும்.

இப்ப பங்கு பக்கம் வருவோம். 1974ல ஒரு இந்துக் குடும்பத்துல, பூர்வீகக் கூட்டுச் சொத்துல மகனுக்குப் பிறப்பாலேயே பங்கு உண்டு, மகளுக்குக் கிடையாது. தமிழ்நாட்டுல அது மாறினது 1989ல, அதுவும் அதுக்கு முன்னாடி கல்யாணம் ஆன பொண்ணுங்களைச் சேர்க்காம. நாடு முழுக்க மாறினது 2005ல. கவிதா காலத்துல, கடமைன்னு வந்தா அவ மூத்த மகன் மாதிரி, பங்குன்னு வந்தா அவ பொண்ணு. வேலைக்கே போகாத மூர்த்திக்குப் பிறப்பால இருந்த உரிமை, வீட்டையே தூக்கி நிறுத்தினவளுக்கு இல்லை.

சாணார்பட்டி ஏன் ஞாபகம் வருது

இது சென்னை மிடில் கிளாஸ் ஆபீஸ் கதை மட்டும்தான்னு நினைச்சா, எங்க ஊருக்கு ஒரு தடவை வாங்க. சாணார்பட்டி, திண்டுக்கல்லேர்ந்து நத்தம் போற ரோட்டுல இருக்கு. மாந்தோப்பு, புளியமரம், மழையை நம்பின காடு. விடியறதுக்கு முன்னாடி அந்த ரோட்டுல போற மில்லு வண்டியில பொண்ணுங்க நிறைஞ்சு இருப்பாங்க. திண்டுக்கல் மாவட்டம் முழுக்க நூல் மில்லு. வேடசந்தூர் பக்கம் போனா வரிசையா இருக்கும்.

அந்த மில்லுங்கள்ல ரொம்ப வருஷம் ஓடின ஏற்பாடுதான் ‘சுமங்கலித் திட்டம்’. கோயம்புத்தூர், திருப்பூர், ஈரோடு பக்கமும் இருந்தது. டீன் ஏஜ்ல இருக்கிற பொண்ணை மூணு வருஷம் ஹாஸ்டல்ல தங்கி வேலை பார்க்கச் சொல்லுவாங்க. கைக்குக் கொஞ்சம் கூலி, முடிவுல மொத்தமா ஒரு தொகை. 30,000, 50,000 ரூபாய்னு சொல்லுவாங்க. அந்தக் காசு அவ கல்யாணத்துக்கு, நகைக்கு, சீருக்கு. வரதட்சணை 1961லயே சட்டப்படி குற்றம். ஆனா அதுக்குக் காசு சேர்க்க ஒரு திட்டமே இருந்தது, அதுக்கு மங்கலகரமா ஒரு பேரும் இருந்தது. நடுவுல நின்னுட்டா மொத்தத் தொகை கிடைக்காதுங்கிற பயத்துலயே உடம்பு முடியாமலும் வேலை பார்த்தவங்க உண்டு. இதை எதிர்த்துத் தொழிற்சங்கங்களும் பெண்கள் அமைப்புகளும் வருஷக்கணக்கா பேசியிருக்காங்க.

எங்க அக்காவும் பன்னெண்டாவது முடிச்சுட்டு அப்படி ஒரு மில்லுக்குப் போச்சு. மூணு வருஷம் முடிச்சு வந்த தொகை நகைக்குன்னுதான் இருந்தது. அந்த வருஷம் எனக்கு இன்ஜினியரிங் கவுன்சலிங்ல சீட் கிடைச்சுது. ஃபர்ஸ்ட் கிராஜுவேட் சலுகையில டியூஷன் ஃபீஸ் போச்சு. ஆனா ஹாஸ்டல், மெஸ், புக்கு, லேப்டாப் எல்லாம் அந்தச் சலுகையில வராது. அக்கா காசு அங்க போச்சு. அப்புறமும் நான் படிச்சு முடிக்கிற வரைக்கும் அது வேலைக்குப் போச்சு. அதே மில்லுல ஒருத்தர் அக்காவைக் கல்யாணம் பண்ணிக்கக் கேட்டிருக்கார். ரெண்டு வருஷம் காத்திருந்துட்டு வேற இடத்துல முடிச்சுட்டார். இது எனக்குத் தெரிஞ்சது நான் வேலைக்குச் சேர்ந்த அப்புறம்தான், அதுவும் எங்க அம்மா ஏதோ பேச்சுவாக்குல சொல்லி.

அக்காவுக்கு 29 வயசுல கல்யாணம் ஆச்சு. இப்போ திண்டுக்கல்ல இருக்கு. ஒரு பொண்ணு இருக்கா. நல்லா இருக்கு. அழவைக்கிறதுக்காக இதைச் சொல்லல.

இந்த எபிசோடுக்காக அக்காவை ‘அவள் ஒரு தொடர்கதை’ பார்க்கச் சொன்னேன். பார்த்துட்டு போன்ல பேசுச்சு. எப்படி இருந்துச்சுன்னு கேட்டேன். ‘பாவம்தான்’னு சொல்லும்னு நினைச்சேன். அது சொன்னது வேற.

‘தம்பி, அவளுக்குக் கோவம் வர்றது வீட்டுல எல்லாருக்கும் தெரியுது. கணக்கு ஒருத்தருக்கும் தெரியலையே. சம்பளம் இவ்வளவு, வாடகை இவ்வளவு, உனக்கு இவ்வளவுன்னு ஒரு நாளாச்சும் எல்லாரையும் உக்கார வச்சு சொல்லியிருக்கலாம்ல?’

‘நீ சொன்னியாக்கா?’ன்னு கேட்டேன்.

‘எங்கடா சொன்னேன். அதான் சொல்றேன்’னு சிரிச்சுச்சு.

சிங்கிள் பாயிண்ட், பேக்கப்னு நான் பக்கம் பக்கமா நோட்ஸ் எடுத்து வெச்சிருந்தேன். அக்கா ஒரே மூச்சுல முடிச்சுடுச்சு.

அந்த வீட்டுல நீங்க யாரு?

இந்தப் படத்தைப் பார்க்கிற எல்லாரும் கவிதாவாத்தான் பார்க்கிறோம். ஆபீஸ்ல கஷ்டப்படுறோம், வீட்டுக்குப் பணம் அனுப்புறோம், நம்மளை யாரும் புரிஞ்சுக்கலைன்னு தோணும்போது, சுஜாதா முகத்துல நம்ம முகம் தெரியும். அது உண்மையாவும் இருக்கலாம். ஆனா கணக்குப்படி பாருங்க. அந்த வீட்டுல கவிதா ஒருத்திதான். சாப்பிட்டவங்க நிறைய. அப்போ இந்தப் படத்தைப் பார்க்கிற நம்மள்லயும் நிறைய பேர் சாப்பிட்டவங்களாத்தானே இருக்கணும்? நான் அந்தப் படத்துல கவிதா இல்லை. அவ காசுல படிச்சு மேல வர்ற ஒரு தம்பி. இதை வெட்கமாவோ பெருமையாவோ சொல்லல. இடத்தைச் சரியாக் குறிச்சுக்கிறேன், அவ்வளவுதான்.

தமிழ்ல ‘செஞ்சோற்றுக் கடன்’னு ஒரு சொல் இருக்கு. கர்ணன் துரியோதனன் பக்கம் நின்னதுக்கு நாம சொல்ற காரணம் அது. அந்தச் சொல்லைக் கொஞ்சம் உத்துப் பாருங்க. கடன் யாருக்கு? சோறு போட்டவனுக்கு இல்லை, சாப்பிட்டவனுக்கு. நம்ம மொழி அதைத் தெளிவா வெச்சிருக்கு. நம்ம வீடுங்கதான் தலைகீழா மாத்தி வெச்சிருக்கு. சோறு போடுறவ மேலேயே இன்னும் கடன் ஏத்திக்கிட்டு இருக்கோம்.

அதனால காதலா குடும்பமான்னு கவிதாகிட்ட கேக்கிறதே தப்பான கேள்வின்னு எனக்குத் தோணுது. அவகிட்ட கேட்டா பதில் எப்பவும் ஒண்ணுதான் வரும், ஏன்னா அவ கல்யாணம் பண்ணிட்டுப் போனா அடுத்த மாசம் அரிசிக்கு யாருன்னு அவளுக்குத் தெரியாது. கேள்வியை மத்தவங்ககிட்ட கேக்கணும். ‘இவ போனா நாம என்ன பண்ணுவோம்?’ இந்தக் கேள்வியை வீட்டுல மீதிப் பேரு உட்கார்ந்து பேசி ஒரு பதில் வெச்சிருந்தா, அவ காதலுக்கும் குடும்பத்துக்கும் நடுவுல சண்டையே இருந்திருக்காது. ஆளுக்குக் கொஞ்சம் தோள் கொடுத்தா, ரெண்டும் ஒரே வீட்டுல இருக்கும்.

பாலசந்தரே பதிமூணு வருஷம் கழிச்சு, 1987ல ‘மனதில் உறுதி வேண்டும்’ எடுத்தார். அதுலயும் தம்பி தங்கச்சிங்களைத் தாங்குற மூத்த பொண்ணு, சுஹாசினி நடிச்ச நர்ஸ் நந்தினி. அங்கயும் அவ கடைசியில தனியாத்தான் நடக்கிறா. அவர் எடுத்து வெச்ச கேள்வி பெரிசு. பதில் சினிமாவுல கிடைக்கலைன்னா பரவாயில்லை, அது வீட்டுலதான் கிடைக்கணும்.

கேட்டுக்கிட்டு இருக்கிறவங்களுக்கு ரெண்டே ரெண்டு விஷயம். நீங்க கவிதாவா இருந்தா, கோபத்தைக் காட்டுறதுக்கு முன்னாடி கணக்கைக் காட்டுங்க. ஒரு நோட்டுல எழுதுங்க, இல்லைன்னா ஃபேமிலி வாட்ஸ்அப் குரூப்ல போடுங்க. எவ்வளவு வருது, யாருக்கு எவ்வளவு போகுது, எந்த வருஷத்தோட இது முடியுது. அந்த முடியுற தேதி முக்கியம். தேதி போடாத கடன்தான் தொடர்கதை ஆகுது.

நீங்க சாப்பிட்டவங்களா இருந்தா, கணக்கு உங்க கையிலேர்ந்து ஆரம்பிக்கட்டும். அவங்க கேக்க மாட்டாங்க. கேக்கத் தெரிஞ்சவங்களா இருந்தா இந்த நிலைமையே வந்திருக்காது. நீங்களே போய்க் கேளுங்க: ‘உனக்குன்னு எதையெல்லாம் தள்ளிப் போட்ட?’ பதில் வர நேரமாகும். கொஞ்சம் பொறுமையா உட்காருங்க.

அவ்வளவுதான் மக்களே. படம் பார்க்காதவங்க பாருங்க, பார்த்தவங்க இந்தத் தடவை கவிதாவை விட்டுட்டு வீட்டுல இருக்கிற மத்தவங்களைக் கவனிச்சுப் பாருங்க. அடுத்த எபிசோட்ல சந்திப்போம்.